ஊறுகாய்க்கும் ஏலத்துக்கும் கண்ணாடிப் பாட்டில் கட்டுபடியாகுமா?

போடிநாயக்கனூருக்கும் தேவாரத்துக்கும் இடையே, மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் உள்ள ஊர் ராசிங்காபுரம். மலைக்கு மேலே ஏலம், மிளகு, காப்பி விளைகின்றன. கீழே மா, தென்னை, இலவம், காய்கறிகள். இவற்றை மூட்டையாகவும் கூடையாகவும் விற்பதுதான் இன்றும் வழக்கம். ஏலக்காய்க்குப் போடியிலேயே ஏல மையம் இருக்கிறது. மாங்காய்க்கு அப்படி இல்லை. வரத்து மிகுந்த நாட்களில் பறிப்புக் கூலிக்கும் வண்டி வாடகைக்கும் கூட விலை கட்டாமல் போகிறது. அந்த நாட்களில் காயை ஊறுகாயாகவும், பழத்தை ஜாமாகவும் கூழாகவும் மாற்றி விற்றால் என்ன என்று விவசாயிகளும் மகளிர் குழுக்களும் எண்ணுவது இயல்பு.

அப்படி எண்ணுவோர் முன் நிற்கும் முதல் கேள்வி, எதில் அடைத்து விற்பது என்பது. பிளாஸ்டிக் பாட்டில் விலை மலிவு, உடையாது, எடை குறைவு. கண்ணாடிப் பாட்டில் விலை கூடுதல், உடையும், கனம். இருந்தும் நல்ல விலைக்கு விற்கும் தேன், ஊறுகாய், காப்பித்தூள் முதலியவை கண்ணாடியில்தான் வருகின்றன. இதன் காரணத்தையும், பாட்டில் தொழிலின் போக்கையும், நம் விளைபொருளில் எதற்கு இது ஏற்றது என்பதையும் இங்கே பார்ப்போம்.

பாட்டில் எப்படி உண்டாகிறது?

கண்ணாடிக்கு மூலப்பொருள் மணல். இது ஆற்று மணல் அன்று, சிலிக்கா மிகுந்த வெண்மணல். பாட்டில் கண்ணாடியில் ஏறக்குறைய நூற்றுக்கு எழுபது பங்கு சிலிக்காதான். மணல் மட்டும் உருக மிக அதிக வெப்பம் வேண்டும். அந்த வெப்பத்தைக் குறைக்கச் சோடா ஆஷ் சேர்க்கிறார்கள். சோடா மட்டும் சேர்த்த கண்ணாடி தண்ணீரில் கரையும். அதைத் தடுக்கச் சுண்ணாம்புக் கல் சேர்க்கப்படுகிறது. இவற்றோடு உடைந்த பழைய கண்ணாடியையும் கலந்து, சுமார் 1500 டிகிரி சென்டிகிரேடு வெப்பத்தில் உருக்குகிறார்கள்.

உருகிய கண்ணாடி துண்டு துண்டாக அச்சில் விழுகிறது. காற்றை ஊதியோ அழுத்தியோ உருவம் கொடுக்கப்படுகிறது. அதன் பின் பாட்டிலை நீண்ட சூளையில் மெதுவாக ஆற விடுவார்கள். இது முக்கியமான கட்டம். சரியாக ஆறாத பாட்டில் பார்வைக்கு நன்றாக இருக்கும். சூடான ஜாமை ஊற்றியதும் அடிப்பாகம் கழன்று விழும்.

பாட்டில் உலையை நெல் மில் போலக் காலையில் ஓட்டி மாலையில் நிறுத்த முடியாது. ஒரு முறை மூட்டினால் இரவு பகலாகப் பல ஆண்டுகள் எரிய வேண்டும். நிறுத்தினால் உலையே கெட்டுவிடும். ஆகவே எரிபொருள் விலை ஏறினாலும் ஆலை எரித்துத்தான் ஆக வேண்டும். அந்தச் செலவு நாம் வாங்கும் பாட்டிலின் விலையில் வந்து விடிகிறது.

பழைய தொழில், மாறும் சந்தை

உணவைப் பதப்படுத்தி அடைக்கும் தொழில் தகர டப்பாவில் தொடங்கவில்லை, கண்ணாடியில்தான் தொடங்கியது. பிரான்சு நாட்டில் நிக்கோலா அப்பேர் என்பவர் காய்கறியையும் பழத்தையும் கண்ணாடிப் பாட்டிலில் அடைத்து, தக்கையால் இறுக மூடி, கொதிநீரில் வேகவைத்துக் கெடாமல் காத்துக் காட்டினார். 1810-ஆம் ஆண்டில் அந்நாட்டு அரசு அவருக்கு 12,000 பிராங்கு பரிசு கொடுத்தது. இன்று நாம் ஜாம் பாட்டிலைக் கொதிநீரில் வைத்து எடுப்பது அதே முறைதான்.

நம் நாட்டில் சுதேசி இயக்கக் காலத்தில், மக்களிடம் பைசா பைசாவாகத் திரட்டிய நிதியைக் கொண்டு 1908-ஆம் ஆண்டில் புனேயை அடுத்த தளேகானில் கண்ணாடித் தொழிற்சாலை தொடங்கப்பட்டது. பின்னர் கல்கத்தாவை அடுத்த ரிஷ்ராவில் இந்துஸ்தான் நேஷனல் கிளாஸ் கம்பெனி 1952-இல் இயந்திர முறையில் பாட்டில் செய்யத் தொடங்கியது. அதே கம்பெனிக்குப் புதுச்சேரியிலும் ஆலை உண்டு. ஐதராபாத்திலும் அதை அடுத்த புவனகிரியிலும் ஏஜிஐ கம்பெனியின் ஆலைகள் இருக்கின்றன. குஜராத்தில் மருந்து, வாசனைப் பொருள் பாட்டில்கள் பெருமளவில் உற்பத்தியாகின்றன. சோடா ஆஷ் உற்பத்தியிலும் குஜராத்தே முன்னிற்கிறது. இலங்கையில் ஹொரணையில் ஒரு பெரிய ஆலை இருக்கிறது.

ஒரு காலத்தில் பால், சோடா, மருந்து, எண்ணெய் எல்லாம் சீசாவில்தான் வந்தன. காலிச் சீசா கடைக்குத் திரும்பியது. கோலி சோடா பாட்டிலை வீட்டுக்கு எடுத்துச் செல்லக் கடைக்காரர் விட மாட்டார். அந்தப் பாட்டிலை 1872-இல் காப்புரிமை பெற்றுக் கொண்டுவந்தவர் இங்கிலாந்தைச் சேர்ந்த ஹைரம் காட். 1990-களுக்குப் பின் பிளாஸ்டிக் பாட்டிலும் பாக்கெட்டும் வந்து, கண்ணாடியின் இடத்தைப் பெரும்பாலும் பிடித்துக்கொண்டன.

இப்போது காற்று சற்றே திசை மாறி வீசுகிறது. தமிழ்நாட்டில் ஒரு முறை பயன்படுத்தித் தூக்கி எறியும் பிளாஸ்டிக் பொருட்கள் பலவற்றுக்கு 2019 ஜனவரி 1 முதல் தடை வந்தது. உணவில் பிளாஸ்டிக் துகள் கலப்பதைப் பற்றி நகரத்து மக்கள் கவலைப்படுகிறார்கள். கண்ணாடியில் அடைத்த பொருள் சுத்தமானது என்ற எண்ணம் வாங்குவோரிடம் வலுத்து வருகிறது. இதை நம் பக்கம் திருப்பிக்கொள்ள முடியுமா என்பதே கேள்வி.

பாட்டில் விலை ஏன் ஏறி இறங்குகிறது?

விவசாயி அறிய வேண்டிய செய்தி ஒன்று உண்டு. பாட்டில் ஆலைகளின் பெரிய வாடிக்கையாளர் உணவுத் தொழில் அன்று. மதுபானமும் பீரும்தான். ஊறுகாய், தேன், ஜாம் எல்லாம் அதற்குப் பின்னால்தான். பீர் மிகுதியாக விற்பது கோடைக் காலத்தில். அதற்கு முன்பிருந்தே ஆலைகள் பீர் பாட்டில் ஆர்டரில் மூழ்கிவிடுகின்றன. நம் மாங்காய் அறுவடையும் அதே கோடையில்தான் வருகிறது. ஏப்ரலில் மாங்காயை வெட்டி உப்பில் போட்டுவிட்டுப் பாட்டில் தேடிப் போனால், கேட்ட அளவு கிடைக்காது, கிடைத்தாலும் விலை கூடுதலாக இருக்கும்.

இரண்டாவது காரணம் எரிபொருள். 2022-இல் உக்ரைன் போர் தொடங்கியதும் உலகெங்கும் இயற்கை எரிவாயு விலை பாய்ந்து ஏறியது. அந்த ஆண்டு நம் நாட்டிலும் பாட்டில் விலை உயர்ந்தது. பீர் கம்பெனிகளே பாட்டில் கிடைக்கவில்லை, விலை தாங்கவில்லை என்று முறையிட்டன. ஆயிரம் பாட்டில் வாங்கும் சிறு குழு எம்மாத்திரம்!

மூன்றாவது காரணம், ஆலைகள் சிலவே என்பது. நாட்டின் மிகப் பெரிய பாட்டில் கம்பெனிகளுள் ஒன்றான இந்துஸ்தான் நேஷனல் கிளாஸ் 2021-இல் திவால் நடவடிக்கைக்கு உட்பட்டது. அதை யார் எடுத்து நடத்துவது என்ற வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்று, 2025 ஜனவரியில் தீர்ப்பு வந்தது. உற்பத்தி சில கைகளில் இருக்கும்போது, சிறிய வாடிக்கையாளர் பேரம் பேச இடமில்லை.

ஆகவே மாங்காய் பதனம் செய்ய எண்ணுவோர் ஐப்பசி, கார்த்திகை மாதங்களிலேயே பாட்டிலுக்குச் சொல்லி வைப்பது நல்லது. வாங்கிய பாட்டிலை ஈரம் தாக்காத அறையில், வாய் மூடிய கட்டாகவே வைக்க வேண்டும். ஈரத்தில் நெடுநாள் கிடந்தால் கண்ணாடி பூத்து மங்கிவிடும்.

ஒரு வரவு செலவுக் கணக்கு

விலை ஊருக்கு ஊர், மாதத்துக்கு மாதம் மாறும். கீழே உள்ளவை கணக்குப் போடும் முறையைக் காட்டுவதற்காக எடுத்துக்கொண்ட தொகைகளே. வாசகர்கள் தங்கள் ஊர் விலையை இட்டுப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

300 கிராம் ஊறுகாய் பாட்டில் ஒன்றை எடுத்துக்கொள்வோம். கண்ணாடிப் பாட்டிலும் மூடியும் 15 ரூபாய் என்று வைப்போம். நூற்றுக்கு மூன்று பாட்டில் வழியில் உடைகிறது. உடையும்போது பாட்டில் மட்டும் போவதில்லை, உள்ளே இருக்கும் ஊறுகாயும் போகிறது. ஊறுகாயின் அடக்கம் 40 ரூபாய் என்றால், உடைவுச் செலவு பாட்டில் ஒன்றுக்கு 1 ரூபாய் 65 காசு. தடுப்பு அட்டை வைத்த பெட்டிக்கு 3 ரூபாய். கூடுதல் எடைக்கு லாரி வாடகை 2 ரூபாய். மொத்தம் 21 ரூபாய் 65 காசு.

பிளாஸ்டிக் பாட்டிலும் மூடியும் 6 ரூபாய், பெட்டிச் செலவு 1 ரூபாய், ஆக 7 ரூபாய். வித்தியாசம் ஏறக்குறைய 15 ரூபாய்.

இதோடு கணக்கு முடியவில்லை. கடைக்காரர் விற்பனை விலையில் நூற்றுக்கு 25 எடுத்துக்கொண்டால், நம் கைக்கு 15 ரூபாய் கூடுதலாக வருவதற்கு விற்பனை விலையை 20 ரூபாய் உயர்த்த வேண்டும். 90 ரூபாய் ஊறுகாய் 110 ரூபாய் ஆகிறது. உள்ளூர்ச் சந்தையில் பக்கத்துக் கடை ஊறுகாய் 90 ரூபாய்க்குக் கிடைக்கும்போது, கண்ணாடிக்காக 20 ரூபாய் கூடுதலாகக் கொடுப்பவர் எத்தனை பேர்? இந்தக் கேள்விக்குப் பதில் தெரியாமல் பாட்டில் வாங்கிக் குவிப்பது ஆபத்து.

இப்போது ஏலக்காயைப் பார்ப்போம். கிலோ 2,500 ரூபாய் என்று வைத்தால் 100 கிராம் 250 ரூபாய். அதே 15 ரூபாய் வித்தியாசம் இங்கே நூற்றுக்கு ஆறு பங்குதான். ஊறுகாயில் அது நூற்றுக்குப் பதினாறுக்கு மேல். விலை மதிப்பு மிகுந்த பொருள் பாட்டில் செலவைத் தாங்கும். விலை மலிவான பொருள் தாங்காது. ஏலம், மிளகு, தேன், காப்பித்தூள் ஆகியவற்றுக்குக் கண்ணாடி பொருந்தும். ஊறுகாயை வெளியூர் வாடிக்கையாளருக்குக் கண்ணாடியிலும், உள்ளூருக்கு மலிவான அடைப்பிலும் கொடுக்கலாம்.

எந்தப் பொருளுக்கு எந்தப் பாட்டில்?

ஏலம்: பாட்டிலின் அளவைத் தேர்ந்தெடுக்கும் முன் காயின் லிட்டர் எடையைப் பார்க்க வேண்டும். முதல் தரப் பருமன் காய் ஒரு லிட்டர் அளவில் 435 கிராம் நிற்கும். 250 மில்லி பாட்டிலில் 100 கிராம் பிடிக்கும். லிட்டருக்கு 385 கிராம் நிற்கும் சிறிய காயை அதே பாட்டிலில் போட்டால் 96 கிராம்தான் கொள்ளும். அதற்கு 300 மில்லி பாட்டில் வேண்டும். இதைக் கவனிக்காமல் 100 கிராம் என்று சீட்டு ஒட்டினால் எடைக் குறைவு என்ற குற்றத்துக்கு ஆளாக நேரிடும்.

காயின் ஈரம் நூற்றுக்குப் பத்துக்கு மேல் இருக்கக் கூடாது. சாக்கில் இருக்கும் காய் சிறிது மூச்சு விடும். கண்ணாடியில் ஈரம் வெளியேற வழியில்லை. ஈரக் காயை அடைத்தால் பூசணம் பிடிக்கும். மேலும் வெளிச்சம் பட்டால் பச்சை நிறம் வெளுத்துவிடும். கறுப்பு பாலிதீன் உள்ளிட்ட சாக்கில் ஏலத்தைச் சேமிக்கச் சொல்வது இதனால்தான். தெளிந்த பாட்டிலில் அடைத்த ஏலத்தைக் கடையின் முன் அலமாரியில் வெயில் பட அடுக்கினால் பச்சைக்குக் கிடைக்க வேண்டிய விலை போய்விடும். அகலமான சீட்டு சுற்றியோ, அட்டைக் கூட்டில் வைத்தோ விற்க வேண்டும்.

எண்ணெயும் நெய்யும்: கண்ணாடி காற்றைத் தடுக்கும், வெளிச்சத்தைத் தடுக்காது. வெளிச்சத்தில் எண்ணெய் சிக்கு வாடை பிடிக்கும். செம்பழுப்பு நிறப் பாட்டில் ஏற்றது.

தேன்: ஈரம் நூற்றுக்கு இருபதுக்கு மேல் இருந்தால் புளித்துப் பொங்கும். பொங்கும் தேன் மூடியைத் தள்ளும், சில சமயம் பாட்டிலையே உடைக்கும். தேன் உறைந்துவிட்டால் கண்ணாடிப் பாட்டிலை வெதுவெதுப்பான நீரில் வைத்து இளக்கலாம். பிளாஸ்டிக்கில் இந்த வசதி குறைவு.

ஊறுகாய்: உப்பும் புளிப்பும் கண்ணாடியை ஒன்றும் செய்யா. மூடியைத்தான் தின்னும். உட்புறம் பூச்சு உள்ள மூடியையே வாங்க வேண்டும். பூச்சில் கீறல் விழுந்த மூடி ஒரு மழைக்காலத்தில் துருப்பிடித்து ஊறுகாயைக் கறுக்கச் செய்துவிடும்.

ஜாம்: குளிர்ந்த பாட்டிலில் கொதிக்கும் ஜாமை ஊற்றக் கூடாது. பாட்டிலுக்கும் ஜாமுக்கும் வெப்ப வித்தியாசம் 40 டிகிரிக்கு மேல் போனால் வெடிக்கும். பாட்டிலைச் சுத்தமாகக் கழுவி, கொதிநீரில் வைத்து எடுத்து, சூடு ஆறுமுன் ஜாமை நிரப்ப வேண்டும். நிரப்பிய பாட்டிலை ஈரமான சிமெண்டுத் தரையில் வைக்காமல் மரப்பலகையில் வைக்க வேண்டும்.

வாங்கும்போது கவனிக்க வேண்டியவை

சிறு குழுக்கள் ஆலையில் நேரடியாக வாங்க முடியாது. ஆலைகள் லாரிக் கணக்கில்தான் கொடுக்கும். மொத்த வியாபாரியிடம் வாங்கும்போது, புதுமையான உருவத்துக்கு ஆசைப்படாமல் வழக்கமாகக் கிடைக்கும் உருவத்தையே தேர்ந்தெடுக்க வேண்டும். அடுத்த ஆண்டும் அதே பாட்டிலும் அதே மூடியும் கிடைக்க வேண்டும் அல்லவா? 53, 63, 70 மில்லி மீட்டர் வாய் அளவுகள் பரவலாகக் கிடைப்பவை. நாலைந்து குழுக்கள் சேர்ந்து ஒரே அளவில் வாங்கினால் விலையும் குறையும், வண்டி வாடகையும் பங்காகும்.

மாதிரிக்கு இருபது பாட்டில் வாங்கிச் சூடு நீர் ஊற்றிப் பார்க்கலாம். கண்ணாடிக்குள் குமிழி, வாய் விளிம்பில் சில்லு, அடியில் மெலிவு இருந்தால் தள்ளிவிட வேண்டும். விளிம்பில் சில்லு உள்ள பாட்டிலில் மூடி காற்றுப் புகாமல் உட்காராது. உடைந்த சில்லு உணவில் விழுந்தால் உயிருக்கே ஆபத்து. நிரப்பும் இடத்தில் ஒரு பாட்டில் உடைந்தால், அருகில் திறந்திருந்த பாட்டில்கள் அனைத்தையும் ஒதுக்கிவிட வேண்டும். நஷ்டமாயிற்றே என்று எண்ணக் கூடாது.

உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு செய்து, சீட்டில் பதிவு எண், பொருளின் பெயர், சேர்மானம், நிகர எடை, தயாரித்த தேதி, கெடு தேதி, விலை ஆகியவற்றை அச்சிட வேண்டும். பதன முறைகளை அறிய பெரியகுளம் தோட்டக்கலைக் கல்லூரியையும், காமாட்சிபுரத்தில் உள்ள வேளாண் அறிவியல் நிலையத்தையும் அணுகலாம்.

பழைய பாட்டிலும் உடைந்த பாட்டிலும்

மலைச் சாலை ஓரங்களில் பழைய மதுப் பாட்டிலில் தேன் விற்பதைக் காண்கிறோம். நல்ல தேனாக இருந்தாலும், அதைப் பார்த்ததும் வாங்குவோர் மனத்தில் சந்தேகம் எழுகிறது. பாதி விலைக்குக் கேட்கிறார்கள். புதுப் பாட்டிலுக்கு மிச்சம் பிடித்த பத்துப் பதினைந்து ரூபாய்க்காகத் தேனில் நூறு ரூபாயை இழப்பது கெட்டிக்காரத்தனம் ஆகாது. பூச்சிமருந்துப் பாட்டிலை எத்தனை முறை கழுவினாலும் உணவுக்குப் பயன்படுத்தவே கூடாது.

தான் விற்ற பாட்டிலைத் தானே திரும்ப வாங்குவது வேறு. போடி, தேனி, கம்பம் போன்ற பக்கத்து ஊர்களில் விற்பவர்கள், காலிப் பாட்டிலைத் திருப்பிக் கொடுத்தால் ஐந்து ரூபாய் தள்ளுபடி என்று அறிவிக்கலாம். இது நடக்கும் காரியமா என்று ஐயப்பட வேண்டாம். உயர் நீதிமன்ற உத்தரவின் பேரில் நீலகிரி மாவட்டத்தில் 2022-ஆம் ஆண்டில் டாஸ்மாக் கடைகளில் பாட்டிலுக்குப் பத்து ரூபாய் கூடுதலாக வாங்கி, காலிப் பாட்டிலைக் கொடுத்தால் திருப்பித் தரும் முறை வந்தது. பெரும்பாலான பாட்டில்கள் திரும்பி வந்தன. பின்னர் வேறு மாவட்டங்களுக்கும் அது விரிவடைந்தது. யானைகளின் பாதத்தில் உடைந்த கண்ணாடி குத்திப் புண்ணாவதைத் தடுக்கவே அந்த ஏற்பாடு.

யானைக்கு நேர்வது நம் மாட்டுக்கும் நேரும். மலையடிவாரத் தோப்புகளிலும் ஓடைகளிலும் வீசி எறியப்படும் பாட்டில்கள், களை எடுக்கும் பெண்களின் காலையும் உழவு மாட்டின் குளம்பையும் கிழிக்கின்றன. கண்ணாடி மண்ணில் மக்காது. நம் பேரன் உழும்போதும் அது அங்கே கிடக்கும். ஆனால் அதே சில்லு உலைக்குப் போனால் முழுவதும் மறுபடி பாட்டிலாகும். உலையில் நூற்றுக்குப் பத்துப் பங்கு பழைய கண்ணாடி சேர்த்தால் எரிபொருளில் ஏறக்குறைய மூன்று பங்கு மிச்சமாகிறது. எனவே உடைகண்ணாடிக்கு விலை உண்டு. வெள்ளை, பச்சை, செம்பழுப்பு என நிறம் பிரித்துச் சாக்கில் சேர்த்துப் பழைய பொருள் வியாபாரியிடம் கொடுக்கலாம். நிறம் கலந்தால் மதிப்புக் குறையும்.

கண்ணாடிப் பாட்டில் தானாக விலையைக் கூட்டித் தராது. உள்ளே இருக்கும் பொருள் தரமானதாக இருந்தால், அந்தத் தரத்தைக் கெடாமல் காத்து, வாங்குவோர் கண்ணுக்குக் காட்டும். முதலாண்டு நூறு பாட்டிலில் தொடங்கி, உடைந்தது எத்தனை, திரும்பியது எத்தனை, மிஞ்சியது எவ்வளவு என்று நோட்டில் எழுதி வையுங்கள். அடுத்த ஐப்பசியில் எத்தனை பாட்டிலுக்குச் சொல்வது என்பதை அந்த நோட்டே சொல்லிவிடும்.